வாய்தா எழுதிய கை

அன்புள்ள மகளுக்கு,

நேற்று இரவு நீ தொலைபேசியில் சொன்னதைக் கேட்டு மகிழ்ந்தேன். அரசுத் தரப்பில் நீ தனியாக நின்று எதிர்த்த முதல் ஜாமீன் மனு தள்ளுபடியாகியிருக்கிறது. பெற்றவனுக்குப் பெருமை இல்லாமல் இருக்குமா? ஆனால் அதற்குப் பிறகு தூக்கம் வரவில்லை. கொலை வழக்கு, எதிரி, அதாவது குற்றம் சாட்டப்பட்டவன், சிறைக்குள் போய் மூன்றே முக்கால் ஆண்டுகள், எந்தக் குற்றத்துக்கு விசாரணை என்று நீதிமன்றம் இன்னும் குற்றச்சாட்டே வனையவில்லை என்று போகிற போக்கில் சொன்னாயே, அது உறுத்திக்கொண்டே இருந்தது. பேச்சில் உன்னை நான் என்றைக்கும் ஜெயித்ததில்லை. அதனால் எழுதுகிறேன்.

முப்பத்தொரு ஆண்டு நீதிமன்ற வேலையில் பாதிக்கு மேல் நான் பெஞ்ச் கிளார்க். இந்தக் கை அதிகமாக எழுதிய சொல் வாய்தா. சாட்சி வரவில்லை, வாய்தா. மூன்றாம் எதிரியை அழைத்துவர வழிக்காவல் கிடைக்கவில்லை, வாய்தா. தடயவியல் அறிக்கை வரவில்லை, வாய்தா. நீதிபதி மாறுதலில் போய்விட்டார், புதியவர் வரும்வரை வாய்தா. எதிரித் தரப்பு வக்கீல் வேறு நீதிமன்றத்தில் இருக்கிறார், அதற்கும் வாய்தா. தனித்தனியாகப் பார்த்தால் ஒவ்வொன்றும் நியாயமாகத்தான் இருக்கும். தேதி போடும்போது கூண்டுப் பக்கம் நிமிர்ந்து பார்க்கும் பழக்கம் எனக்கு இருந்ததில்லை.

ஒருமுறை பார்க்க நேர்ந்தது. அதுவும் கொலை வழக்குதான். ஜாமீன் இரண்டு முறை மறுக்கப்பட்டு, ஆறு ஆண்டுகள் உள்ளேயே இருந்தவன். விடுதலை என்று நீதிபதி தீர்ப்பை வாசித்து முடித்தார். அவன் வழக்கம்போல என் மேசைப் பக்கம் குனிந்து, "அடுத்த வாய்தா எப்போது ஐயா?" என்று கேட்டான். அவனுக்குத் தீர்ப்பு புரியவில்லை. எனக்குத்தான் சொல்ல நா எழவில்லை. இதை உன் அம்மாவிடம்கூடச் சொன்னதில்லை.

நீ படித்த சட்டத்தை உனக்கே சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆனாலும் சொல்கிறேன். பீகார் சிறைகளில், குற்றம் நிரூபணமானால் கிடைக்கக்கூடிய தண்டனையைவிட நீண்ட காலம் விசாரணைக் கைதிகளாகக் கிடந்தவர்களைப் பார்த்துத்தான், 1979இல் ஹுசைனாரா காத்தூன் வழக்கில் உச்ச நீதிமன்றம், விரைவான விசாரணையும், உயிரையும் சுதந்திரத்தையும் காக்கும் அரசியல் சட்டப் பிரிவு 21 தரும் உரிமைதான் என்றது. புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 479ஆம் பிரிவு, அதிகபட்சத் தண்டனையில் பாதியை உள்ளேயே கழித்தவரை, இதற்கு முன் எந்தக் குற்றத்திலும் தண்டனை பெறாதவரானால் மூன்றில் ஒரு பங்கு கழித்தாலே, ஜாமீனில் விடச் சொல்கிறது. மரண தண்டனையோ ஆயுளோ விதிக்கக்கூடிய குற்றங்களுக்கு அது பொருந்தாது. உன் எதிரிக்கு அந்தக் கதவு கிடையாது. தாமதத்தைச் சொல்லிக் கேட்க அவனுக்கு மிச்சம் இருப்பது பிரிவு 21 மட்டும்தான்.

ஊபா எனும் சட்டவிரோதச் செயல்கள் தடுப்புச் சட்ட வழக்கில் ஜாமீன் எவ்வளவு கடினம் என்று உனக்குத் தெரியும். அதிலேயே 2021இல் நஜீப் வழக்கில், ஐந்து ஆண்டுகளுக்கு மேல் சிறையில் இருந்துவிட்டார், இன்னும் 276 சாட்சிகள் பாக்கி என்று பார்த்து, உயர் நீதிமன்றம் தந்த ஜாமீனை உச்ச நீதிமன்றம் உறுதிசெய்தது. 2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம் ஜாமீன் தந்த ஜாவேத் ஷேக் வழக்கு, தாமதத்தில் உன் வழக்கின் அச்சு அசல்: நான்கு ஆண்டு காவல், குற்றச்சாட்டு வனையப்படவில்லை. விசாரணையை விரைவாக நடத்த முடியாவிட்டால், குற்றம் கடுமையானது என்று சொல்லி ஜாமீனை எதிர்க்காதீர்கள் என்று அரசுத் தரப்புக்கு அங்கே கிடைத்த கண்டிப்பைத் தேடிப் படி.

நீ குர்விந்தர் சிங் தீர்ப்பை எடுத்து நீட்டுவாய், தெரியும். அதே ஆண்டு பிப்ரவரியில், கடுமையான குற்றங்களில் தாமதம் ஒன்றே ஜாமீனுக்குப் போதாது என்று அதே நீதிமன்றம்தான் சொன்னது. இறந்தவனின் தாய் எதிர் வரிசையில் உட்கார்ந்திருக்கிறாள் என்பாய். அதையும் மறுக்கமாட்டேன். மூன்று ஆண்டு கழித்து வெளியே வந்த ஒருவனைக் கண்டதும், கண்ணால் பார்த்த சாட்சி கூண்டில் ஏறி "எனக்கு ஒன்றும் தெரியாது" என்று பிறழ்ந்ததையும் எழுதியவன் நான்தான். அதனால்தான் கேட்கிறேன், பாப்பா: உன் சாட்சிகளை இந்த மூன்றே முக்கால் ஆண்டில் ஏன் கூண்டில் ஏற்றவில்லை? குற்றச்சாட்டை வனையச் செய்து, நேரில் பார்த்த நான்கைந்து பேரை முதலில் விசாரித்துவிட்டால், பிறகு அவன் வெளியே வந்து யாரை மிரட்டப்போகிறான்? அந்தத் தாய் கேட்பதும் தீர்ப்பைத்தானே. மனு தள்ளுபடியானதால் தீர்ப்பு ஒரு நாள்கூட நெருங்கி வரவில்லை. பழங்குடியினருக்காக உழைத்த பாதிரியார் ஸ்டான் சுவாமி, ஊபா வழக்கில் 83 வயதில் 2020 அக்டோபரில் கைதானார். 2021 ஜூலை 5 அன்று, ஜாமீன் மனு நிலுவையில் இருக்கும்போதே, காவலில் இறந்தார். வழக்கு விசாரணை தொடங்கவேயில்லை.

ஒரு வேலை செய். கீழ் நீதிமன்றத்திலிருந்து அந்த வழக்கின் வாய்தா விவரம் முழுவதையும் வாங்கி, ஒவ்வொரு தேதிக்கும் எதிரே யாரால் தள்ளிப்போனது என்று குறி. பெரும்பாலும் எதிரித் தரப்பு இழுத்தடித்தது என்றால் அதையே முதல் வாதமாக வை. எந்த நீதிபதியும் கேட்பார். நம் தரப்பாலும் நீதிமன்றத்தாலும் போன நாட்கள் அதிகமென்றால், அவன் அடுத்த மனுவோடு வரும்போது உன் மூத்தவரிடம் அந்தத் தாளைக் காட்டிப் பேசு. கோபப்படுவார். படட்டும்.

ஞாயிற்றுக்கிழமை பேசும்போது கணக்கைச் சொல். இந்தக் கடிதத்தில் எழுத்து புரியாத இடங்களைக் குறித்து வை. என் கையெழுத்தைப் பற்றி நீதிபதிகளே குறை சொல்லியிருக்கிறார்கள்.

அன்புடன்,
அப்பா