விசாரிக்கலாமா என்று யாரிடம் கேட்பது?

மதிப்பிற்குரிய நாடாளுமன்ற உறுப்பினர்களுக்கு,

வணக்கம். ஊழல் தடுப்புச் சட்டத்தில் 2018-இல் சேர்க்கப்பட்ட 17ஏ பிரிவைப் பற்றித்தான் இந்த மடல். ஓர் அமைச்சரோ அதிகாரியோ பதவியின் பேரில் எடுத்த முடிவில் ஊழல் என்று புகார் வந்தால், போலீசார் நேராக விசாரணையில் இறங்க முடியாது. மத்திய அமைச்சர் என்றால் மத்திய அரசிடம் முன் அனுமதி வாங்க வேண்டும். யார் மீது புகாரோ அவர் அங்கம் வகிக்கும் அரசே, அவரை விசாரிக்கலாமா வேண்டாமா என்று தீர்மானிக்கிறது. இது எந்த ஊர் நியாயம்?

லஞ்சம் வாங்கும்போதே கையும் களவுமாகப் பிடிபட்டால் இந்தப் பாதுகாப்பு கிடையாது என்பீர்கள். உண்மைதான். ஆனால் உயர் பதவியில் நடக்கும் ஊழல் ரசாயனம் தடவிய நோட்டில் சிக்குவதில்லை. டெண்டர் நிபந்தனையில் ஒரு வரி மாறும். இன்னாருக்கு மட்டுமே பொருந்துகிற மாதிரி அனுபவத் தகுதி கூடும் அல்லது குறையும். கோப்பில் துறைச் செயலர் எழுதிய ஆட்சேபத்துக்குக் கீழே ஒரு கையெழுத்து விழும். பணம் எப்போதோ, எவர் பெயரிலோ கைமாறும். அந்தக் கோப்பைத் திறந்து பார்க்கத்தான் இத்தனை தடை.

உச்ச நீதிமன்றம் இந்தப் பூட்டை இரண்டு முறை உடைத்தது. உயர் அதிகாரிகளை விசாரிக்க சிபிஐ அனுமதி பெற வேண்டும் என்ற அரசு உத்தரவை 1997-இல், பத்திரிகையாளர் வினீத் நாராயண் தொடுத்த வழக்கில் ரத்து செய்தது. 2003-இல் அந்த நிபந்தனையையே சட்டமாக்கினார்கள். 2014-இல் அரசியல் சாசன அமர்வு அதுவும் செல்லாது என்றது. அடுத்த நான்கே ஆண்டுகளில் 17ஏ வந்தது, எல்லா நிலை அரசு ஊழியருக்கும் சேர்த்து.

நேர்மையான அதிகாரி பயமில்லாமல் கையெழுத்துப் போட வேண்டும் என்ற கவலையை நான் மதிக்கிறேன். ஆட்சி மாறியதும் பழைய கோப்புகளைக் கிளறிப் பழிதீர்ப்பதும் நடக்கிறதுதான். சரி, பொய்ப் புகாரை வடிகட்ட ஒரு ஏற்பாடு இருக்கட்டும். அதை ஆளுங்கட்சியின் கையில் கொடுக்காதீர்கள். ஊழல் புகார்களை விசாரிக்க மத்தியில் லோக்பாலும் மாநிலங்களில் லோக் ஆயுக்தாக்களும் எதற்கு இருக்கின்றன? அனுமதி தருவதா மறுப்பதா என்பதை அவர்களிடம் விடுங்கள்.

அப்புறம், காலக்கெடு. மூன்று மாதம், தேவைப்பட்டால் இன்னும் ஒரு மாதம் என்கிறது சட்டம். அதற்குள் பதில் வராவிட்டால் என்ன ஆகும் என்று சொல்லவில்லை. பதில் இல்லையென்றால் அனுமதி கிடைத்ததாகவே கொள்ளப்படும் என்று எழுதுங்கள். மறுத்தால் காரணத்தை மக்கள் பார்வைக்கு வையுங்கள்.

இதற்கு அமைச்சரவையின் தயவுக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை. அமைச்சர் அல்லாத உறுப்பினர் கொண்டுவரும் தனிநபர் மசோதாவுக்கென்று வெள்ளிக்கிழமைகளில் நேரம் ஒதுக்கப்படுகிறது. எந்தக் கட்சியானாலும் சரி, உங்களில் ஒருவர் வரும் கூட்டத்தொடரிலேயே இந்தத் திருத்தத்தைக் கொண்டுவர வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
ஒரு வாக்காளர்