திருவையாற்று ராஜலட்சுமிக்கு ஒரு வரிதானா?

ஆசிரியருக்கு வணக்கம்.

காவிரிக்கரை சினிமாக்காரர்கள் பற்றிப் போன இதழில் வந்த கட்டுரையைப் படித்தேன். மாயவரத்தில் பிறந்த நடிகர் எம்.கே. தியாகராஜ பாகவதருக்கு இரண்டு பக்கம், அது நியாயம்தான், குறை சொல்லவில்லை. ஆனால் டி.பி. ராஜலட்சுமியை 'முதல் தமிழ்ப் பேசும்படத்தின் கதாநாயகி' என்று ஒரே வரியில் முடித்துவிட்டு அடுத்தவரிடம் தாவிவிட்டீர்களே! அந்த 'டி' திருவையாறுதான். திருவையாற்றுக்குப் பக்கத்துக் கண்டியூரில் இருந்துகொண்டு இதைப் படித்துவிட்டு எப்படிச் சும்மா இருப்பது?

கதாநாயகி ஆனதைவிட அவர் அங்கே வந்து சேர்ந்த வழிதான் பெரிது. சின்ன வயதிலேயே கல்யாணம், அது நிலைக்கவில்லை, அப்பாவும் போய்விட்டார், அப்புறம் திருச்சியில் சாமண்ணா நாடகக் கம்பெனி. அக்ரகாரத்துப் பெண் நாடகத்துக்குப் போனால் 1920களில் இந்தப் பக்கம் என்ன பேசியிருப்பார்கள் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. நாடகம், ஊமைப்படம், பேசும்படம் மூன்றையும் பார்த்துவிட்டார். 1931 அக்டோபர் 31-ல் வெளியான காளிதாஸ் பம்பாயில் எடுத்த படம். இவர் தமிழில் பேச, கதாநாயகன் தெலுங்கில் பதில் சொல்ல, ஜனங்கள் அதையும் கூட்டமாகப் போய்ப் பார்த்தார்கள். கதைக்குச் சம்பந்தமே இல்லாமல் தியாகராஜர் கீர்த்தனையும் காந்தியின் ராட்டினத்தைப் புகழும் பாட்டும் அதில் உண்டு. திருவையாற்றுப் பெண் நடித்த முதல் பேசும்படத்தில் தியாகராஜர் கீர்த்தனை, இதைக்கூடவா எழுதத் தோன்றவில்லை?

சரி, அதை விடுங்கள். உண்மையில் பக்கம் ஒதுக்க வேண்டியது 1936-ல் வந்த மிஸ் கமலாவுக்கு. கதை அவருடைய நாவல், தயாரிப்பு அவர், இயக்கம் அவர், நடிப்பும் அவரே. தென்னிந்தியாவின் முதல் பெண் இயக்குநர். அதைப் பற்றி உங்கள் கட்டுரையில் மூச்சே இல்லை.

அப்புறம் காலம் மாறியது. கேமரா முன்னால் நின்று தானே பாடியாக வேண்டும் என்று இருந்தவரை நாடகமேடைக் குரல்தான் முதல். பின்னணிப் பாட்டு வந்து நடிப்பது ஒருவர், பாடுவது ஒருவர் என்று ஆனதும் மேடையிலிருந்து வந்த பலர் மெல்ல ஒதுங்கிப்போனார்கள். பாகவதருக்காவது கொலை வழக்கு, சிறை என்று திரும்பத் திரும்பச் சொல்ல ஒரு கதை இருக்கிறது. இவருக்கு அப்படிப் பரபரப்பாக எதுவும் இல்லை, அதனால்தான் விட்டுவிட்டோம் என்பது என் கணிப்பு. 1961-ல் கலைமாமணி கொடுத்தார்கள், 1964-ல் போய்விட்டார். காளிதாஸ் படத்துக்கு ஒரு பிரதிகூட மிஞ்சவில்லை, ஆக யூடியூபில் தேடிப் பார்க்கவும் வழியில்லை.

ஜனவரியில் ஆராதனைக்கு வருகிறவர்கள் தியாகராஜர் சமாதிக்கு எதிரே, அந்தச் சமாதிக்கு மண்டபம் எழுப்பிய பாடகி பெங்களூர் நாகரத்தினம்மாள் நினைவிடத்தையும் கும்பிட்டுவிட்டுப் போகிறார்கள். ராஜலட்சுமி என்றால் எங்கள் தெருவிலேயே "எந்த ராஜலட்சுமி?" என்கிறார்கள்.

கட்டுரை தொடரும் என்று போட்டிருக்கிறீர்கள். அடுத்த பகுதியில் மிஸ் கமலாவுக்கு ஒரு பக்கமாவது கொடுங்கள். அந்தக் காலத்துப் பாட்டுப் புத்தகமோ விளம்பர நோட்டீஸோ பரணில் வைத்திருக்கிற வாசகர்கள் அனுப்பலாம் என்று ஓரத்தில் ஒரு பெட்டிச் செய்தியும் போட்டுவிடுங்கள்.

இப்படிக்கு,
வாசகி, கண்டியூர்