கிரின் கிகியின் தொலைக்காட்சிக் காலத்தையும் காட்டுங்கள்: ஜப்பான் ஃபவுண்டேஷனுக்கு ஒரு திறந்த மடல்

ஜப்பான் ஃபவுண்டேஷனின் திரைப்படப் பிரிவுப் பொறுப்பாளர்களுக்கு,

வணக்கம்.

2018 செப்டம்பர் 15 அன்று தமது 75ஆம் வயதில் மறைந்த நடிகை கிரின் கிகி தொடர்பாக உங்கள் முன் ஒரு வேண்டுகோளை வைக்கிறேன். ஜப்பானியப் படங்களைத் துணைத்தலைப்புகளோடு பிற நாடுகளுக்குக் கொண்டு செல்வதைப் பல்லாண்டுகளாக ஒரு கடமையாகவே செய்துவரும் நிறுவனம் உங்களுடையது என்பதால், இதை வேறு யாரிடமும் கேட்கத் தோன்றவில்லை.

தமிழில் உலக சினிமா பார்ப்பவர்களுக்கு கிரின் கிகி என்றால் ஒரு மூதாட்டிதான். இயக்குநர்கள் ஹிரோகசு கொரீடாவின் ‘ஸ்டில் வாக்கிங்’, ‘ஷாப்லிஃப்டர்ஸ்’, நவோமி கவாசேயின் ‘ஸ்வீட் பீன்’ ஆகியவற்றின் வழியாகவே அவரை நாங்கள் அறிந்தோம். இவையெல்லாம் 2008இலும் அதற்குப் பிறகும் வந்தவை. ஆனால் அவர் புங்காகுசா நாடகக் குழுவில் சேர்ந்தது 1961இல். சிஹோ யூகி என்ற பெயரில் தொலைக்காட்சியில் மக்களுக்கு அறிமுகமானது 1964இல். இடைப்பட்ட நாற்பது ஆண்டுகளுக்கும் மேலான உழைப்பின் பெரும்பகுதி தொலைக்காட்சியில் நிகழ்ந்தது. அது ஜப்பானுக்கு வெளியே இருப்பவர்களுக்கு ஏறக்குறைய இல்லாததாகவே இருக்கிறது.

1974இல் டி.பி.எஸ். தொலைக்காட்சியில் வந்த ‘தெராஉச்சி கன்தாரோ இக்கா’ தொடரை எடுத்துக்கொள்ளுங்கள். தோக்கியோவின் யனகா பகுதியில் வாழும் ஒரு கல்தச்சர் குடும்பத்தின் கதை. குனிகோ முக்கோதா எழுதினார், தெருஹிகோ குசே முன்னின்று உருவாக்கினார். அதில் குடும்பத் தலைவரின் தாயாக, குறும்பும் பிடிவாதமும் நிறைந்த பாட்டியாக நடித்தபோது கிரின் கிகிக்கு வயது 31. மகனாக நடித்த இசையமைப்பாளர் அசேய் கொபயாஷி அவரைவிடப் பத்து வயதுக்கு மேல் மூத்தவர்! தலைமுடியை வெளுக்கச் செய்து, முதுகை வளைத்துக்கொண்ட அவர், கைகள் மட்டும் இளமையைக் காட்டிக்கொடுத்துவிடும் என்பதற்காக விரல் நுனிகள் வெளியே தெரியும் கையுறைகளை அணிந்துகொண்டார். ‘ஜூலீ’ என்ற செல்லப்பெயர் கொண்ட பாடகர் கென்ஜி சவாதாவின் சுவரொட்டி முன் நின்று “ஜூலீ!” என்று உடலை நெளித்துக் கூவும் அந்தப் பாட்டியை ஜப்பானில் ஒரு தலைமுறையே நினைவில் வைத்திருக்கிறது. குடும்பத்தினர் எல்லோரும் தாழ்வான மேசையைச் சுற்றி அமர்ந்து உண்பதும், தந்தையும் மகனும் கட்டிப் புரள்வதும் அத்தொடரின் வழக்கமான காட்சிகள்; அந்த மகனாக, அதாவது பாட்டியின் பேரனாக நடித்த ஹிதேகி சாய்ஜோவுக்கு அத்தகைய சண்டைக் காட்சி ஒன்றில் கை எலும்பே முறிந்தது. இத்தனை களேபரத்துக்கு நடுவிலும் நம் கண் அந்தப் பாட்டி என்ன செய்கிறாள் என்பதைத் தேடிப் போகும். துணைத்தலைப்பு இல்லாமல், மொழி புரியாமல் சில காட்சிகளைப் பார்த்த எனக்கே அது தெரிந்தது.

இதைப் பார்த்தபின் ‘ஸ்டில் வாக்கிங்’ வேறொரு படமாகிவிடுகிறது என்பது என் உறுதியான கருத்து. கடலில் மூழ்கவிருந்த ஒரு சிறுவனைக் காப்பாற்றித் தன் உயிரை விட்ட மூத்த மகனின் நினைவு நாளுக்கு, உயிர்பிழைத்த அந்த ஆளை ஆண்டுதோறும் தாய் வீட்டுக்கு அழைக்கிறாள். பாவம், இனி அழைக்க வேண்டாமே என்று இளைய மகன் சொல்லும்போது, அவன் வருந்த வேண்டும் என்பதற்காகத்தான் அழைக்கிறேன் என்கிறாள். இதைச் சொல்லும் நேரத்தில் அவள் கைகள் பின்னல் வேலையை விடுவதில்லை. குரல் உயர்வதில்லை, கண் கலங்குவதில்லை. சமையல், உணவு, பின்னல் என்று கைகள் எப்போதும் ஒரு வேலையில் இருக்க, பேச்சு தன் போக்கில் வந்து விழும் இந்த நடிப்பு, எழுபதுகளின் குடும்பத் தொடர்களில் வாரந்தோறும் பயின்று வந்தது. கொரீடாவும் தொலைக்காட்சியிலிருந்து வந்தவர், முக்கோதாவின் எழுத்தை விரும்புபவர். தொலைக்காட்சிக்கும் திரைப்படத்துக்கும் இடையே நாம் எழுப்பிவைத்திருக்கும் சுவர் இந்த இருவரின் உழைப்பில் எங்கும் இருந்ததில்லை.

‘ஷாப்லிஃப்டர்ஸ்’ கான் விழாவில் தங்கப் பனை விருதைப் பெற்ற சில மாதங்களில் அவர் மறைந்தார். அந்தப் படத்துக்காகப் பொய்ப்பற்களைக் கழற்றிவிட்டு, முடியை வளர்த்துக்கொண்டு, பல்லில்லாத வாயால் ஆரஞ்சுப் பழத்தைச் சப்பித் தின்னும் கிழவியாகத் தோன்றினார். முப்பத்தொரு வயதில் இளமையை மறைத்தவர், எழுபது வயதைக் கடந்தபின் தம் முதுமையில் எதையும் மறைக்கவில்லை. கடற்கரைக் காட்சியில், அலைகளில் விளையாடும் மற்றவர்களைப் பார்த்தபடி ஓசையின்றி அவர் நன்றி சொல்லும் உதட்டசைவு திரைக்கதையில் இல்லாதது. இயக்குநரே பிறகுதான் அதைக் கவனித்தார். எழுதித் தராத ஒன்றை உரிய நொடியில் செய்யும் இந்தத் துணிவை அவர் ஹிசாயா மொரிஷிகே போன்ற மூத்த கலைஞர்களோடு தொலைக்காட்சியில் நடித்த இளம் வயதிலேயே பெற்றார். ‘மூ இச்சிசோகு’ தொடரின் சில அத்தியாயங்கள் 1978இல் நேரலையாகவே ஒளிபரப்பாயின. அங்கே தவறினால் மறுமுறை எடுக்க வழியில்லை.

வேடிக்கைப் பாத்திரங்களோடு அவர் நின்றுவிடவும் இல்லை. ஜப்பானின் பொது ஒளிபரப்பு நிறுவனமான என்.எச்.கே. 1981இல் ஒளிபரப்பிய ‘யுமேச்சியோ நிக்கி’யில், ஹிரோஷிமா குண்டுவீச்சின்போது தாயின் வயிற்றிலேயே கதிர்வீச்சுக்கு ஆளாகி, வெந்நீரூற்று ஊர் ஒன்றில் கெய்ஷாவாக (ஆடல்பாடலால் விருந்தினரை மகிழ்விக்கும் கலைஞராக) வாழும் பெண்ணாக சயூரி யோஷினாகா நடித்தார்; அதே ஊரின் மற்றொரு கெய்ஷாவாக கிரின் கிகி நடித்தார். தொழுநோய் காப்பகத்தில் வாழ்நாளைக் கழித்த ‘ஸ்வீட் பீன்’ படத்தின் தொகுஏ பாத்திரத்துக்கு முன்னோடியை நான் இங்கேதான் தேடுவேன்.

ஒரு கண்ணின் பார்வையை இழந்தது, உடலெங்கும் பரவிய புற்றுநோயோடு கடைசிவரை நடித்தது ஆகியவற்றை உலகப் பத்திரிகைகள் நிறையவே எழுதிவிட்டன. அவர் எப்படி இறந்தார் என்பதை அறிந்த அளவுக்கு, எப்படி நடிக்கக் கற்றார் என்பதை நாங்கள் அறியவில்லை.

இதில் உள்ள தடைகளையும் எண்ணிப் பார்த்தே எழுதுகிறேன். ஒளிநாடா விலைமிக்கதாக இருந்த அறுபதுகளில் பதிவுகளை அழித்து அதன்மேலேயே மீண்டும் பதிந்ததால், அக்காலத் தொடர்கள் பல இன்று இல்லை. எஞ்சியவற்றுக்கும் எழுத்தாளர், நடிகர், பாடல் உரிமையாளர் என ஒவ்வொருவரிடமும் புதிதாக இசைவு பெற வேண்டும். அன்றைய ஒப்பந்தங்கள் உள்நாட்டு ஒளிபரப்பை மட்டுமே மனத்தில் கொண்டு எழுதப்பட்டவை. தனி ஒரு விழாக்குழுவால் இதைச் செய்ய முடியாது. உங்களைப் போன்ற பொது நிறுவனம் கேட்டால் தொலைக்காட்சி நிறுவனங்கள் செவிசாய்க்கும் என்று நம்புகிறேன். 1983இல் என்.எச்.கே. உருவாக்கிய ‘ஒஷின்’ அறுபதுக்கும் மேற்பட்ட நாடுகளுக்குச் சென்றது. இலங்கை மக்கள் அதைத் தங்கள் வீட்டுக் கதையாகவே பார்த்தார்கள். ஜப்பானியக் குடும்பத் தொடர் எல்லை கடந்தால் புரியாது என்று இனி யாரும் சொல்ல முடியாது.

ஆகவே, அவருடைய பத்தாம் நினைவு நாளான 2028 செப்டம்பருக்குள், இயக்குநர் பெயரால் தொகுக்கும் வழக்கத்தைச் சற்றே தள்ளிவைத்து, கிரின் கிகியின் பெயரால் ஒரு தொகுப்பை உருவாக்குங்கள். ‘தெராஉச்சி கன்தாரோ இக்கா’விலிருந்து மூன்று நான்கு அத்தியாயங்கள், ‘மூ இச்சிசோகு’வின் நேரலைகளுள் ஒன்று, ‘யுமேச்சியோ நிக்கி’ முழுவதும்: இவை அவருடைய படங்களோடு ஒரே நிகழ்வில், அரங்கிலும் உங்கள் இணையவழி விழாவிலும் இடம்பெற வேண்டும். ஆங்கிலத் துணைத்தலைப்பு முதலில் வரட்டும். வேகமாகப் பேசப்படும் அந்த வீட்டுச் சண்டைகளைத் தமிழில் பெயர்க்க ஆட்கள் வேண்டுமென்றால், ஜப்பானிய மொழியை ஆர்வத்தோடு கற்ற தமிழர்கள் இங்கே இருக்கிறார்கள். அவர்களை அழையுங்கள்.

மதிப்புடன்,
தமிழ்நாட்டிலிருந்து ஒரு பார்வையாளர்