ஏழாவது இடம்

மதிப்புக்குரிய ஆசிரியருக்கு,

வணக்கம். 'வேலையில் சேருவதற்கு இட ஒதுக்கீடு இருக்கிறதே, பதவி உயர்வுக்கும் எதற்கு?' என்று கேட்டு வாசகர் ஒருவர் எழுதிய கடிதத்தைச் சென்ற இதழில் படித்தேன். மத்திய அரசு அலுவலகம் ஒன்றில் பதவி உயர்வுக் கோப்புகளை எடுத்துவைப்பதும் எந்த இடம் எந்தப் பிரிவுக்கு என்று வரிசைப்படுத்தும் ரோஸ்டர் பதிவேடு எழுதுவதுமாக இருபது ஆண்டுகளுக்கு மேல் இருந்தவன் நான். பட்டியல் சாதியைச் சேர்ந்தவன் அல்லன். அந்தக் கேள்வியை ஒரு காலத்தில் நானும் கேட்டிருக்கிறேன்.

மத்திய அரசின் பதவி உயர்வுகளில் பட்டியல் சாதியினருக்கு 15 விழுக்காடு, பழங்குடியினருக்கு 7.5 விழுக்காடு. ரோஸ்டரில் முதல் ஆறு இடம் பொது, ஏழாவது இடம் பட்டியல் சாதிக்கு. 1999-இல் எங்கள் அலுவலகத்தில் கண்காணிப்பாளர் பதவிக்கு அந்த ஏழாவது இடம் வந்தது. அதற்கு உரிய வரிசையில் ஒருவர்தான் இருந்தார். அவர் எழுதிக்கொடுக்கும் குறிப்பில் மேலதிகாரி ஓர் எழுத்தைக்கூடத் திருத்த மாட்டார். தணிக்கைக்கு வருகிறவர்கள் பழைய கோப்பு எது வேண்டுமென்றாலும் நேராக அவர் மேசைக்குத்தான் போவார்கள். பதவி உயர்வுக் குழுவுக்காக, மேலதிகாரி ஆண்டுதோறும் அவரை மதிப்பிட்டு எழுதிய ரகசியக் குறிப்பேடுகளை நான்தான் அடுக்கிக் கட்டினேன். ஐந்து ஆண்டுகள். ஐந்திலும் ஒரே சொல்: 'சராசரி'.

அந்தச் சொல்லின் கொடுமை வெளியில் இருப்பவர்களுக்குத் தெரியாது. பாதகமாக எழுதினால்தான் அதை ஊழியருக்குத் தெரிவிக்க வேண்டும் என்பது அன்றைய நடைமுறை. 'சராசரி' பாதகக் குறிப்பில் சேராது. எனவே யாரும் அவரிடம் சொல்லப்போவதில்லை. ஆனால் பதவி உயர்வுக்கோ 'நன்று' வேண்டும். எந்த மதிப்பீடானாலும் ஊழியருக்குக் காட்டியே தீர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொன்னது 2008-இல்தான். எங்கள் அலுவலகத்தில் அவரிடம் கேட்டுக் கேட்டு வேலை பழகிய இருவருக்கு அதே அதிகாரி 'மிக நன்று' எழுதியிருந்தார்.

'தகுதியுடையோர் எவருமில்லை' என்று கோப்பில் எழுதியது என் கைதான். கையெழுத்துகள் விழுந்தன. இடம் காலியாகவே விடப்பட்டது. 2003-இல் அவர் அதே மேசையிலிருந்து ஓய்வு பெற்றார். மாலை போட்டு வழியனுப்பியவர்களில் நானும் ஒருவன். அந்தக் குறிப்பைப் பற்றி அவரிடம் வாய் திறக்கும் துணிவு எனக்கு வரவே இல்லை.

வேலைக்கான எழுத்துத் தேர்வில் விடைத்தாளைத் திருத்துபவருக்கு எழுதியவரின் சாதி தெரியாது. பதவி உயர்வில் மதிப்பெண் போடுபவர் பக்கத்து அறையிலேயே இருக்கிறார். ஊரும் பேரும் உறவும் அறிந்தவர். பாதுகாப்பு கூடுதலாக வேண்டியது இங்கேதான். திறமை கெட்டுவிடும் என்கிறார்கள். வரிசையில் நிற்பவர்கள் அனைவரும் அதே பணியில் ஆண்டுக்கணக்கில் உழைத்தவர்கள். பணிமூப்போடு நிற்காமல் மதிப்பீட்டையும் பார்த்துத் தரும் 'தேர்வு முறை'ப் பதவி உயர்வில் இந்த ஒதுக்கீடும், உயர் அதிகாரிகளுக்கான 'ஏ' பிரிவின் அடிப்படி வரைதான். அதற்கு மேல் இல்லை. எனக்குப் பின்னால் சேர்ந்தவர் இந்த ஒதுக்கீட்டில் என்னைத் தாண்டி மேலே போனபோது எனக்கும் வலித்தது, மறைக்கவில்லை. அந்த வலியை அவருடைய தந்தையும் பாட்டனும் அனுபவித்ததோடு ஒப்பிட்டுப் பார்க்க எனக்கு வெகுகாலம் ஆயிற்று.

பிற்படுத்தப்பட்டோர் ஒதுக்கீடு பற்றிய மண்டல் வழக்கில் 1992-இல் உச்ச நீதிமன்றம் தந்த தீர்ப்பு, பதவி உயர்வில் ஒதுக்கீடு கூடாது என்றது. நாடாளுமன்றம் 1995-இல் அரசியலமைப்பின் 77-ஆவது திருத்தத்தால் அதைப் பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் மீட்டது. 2006-இல் நாகராஜ் வழக்கில், பின்தங்கிய நிலைக்கும் போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதற்கும் புள்ளிவிவரம் காட்டிவிட்டுக் கொடுங்கள் என்றது உச்ச நீதிமன்றம். இதைச் சரிசெய்ய வந்த மசோதா 2012-இல் மாநிலங்களவையில் நிறைவேறியும் மக்களவையைத் தாண்டவில்லை. பின்தங்கிய நிலைக்குத் தனியாகச் சான்று வேண்டாம் என்று 2018-இல் தீர்ப்பு வந்தது; போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதற்கான விவரம் பதவி நிலை வாரியாக வேண்டும் என்று 2022 ஜனவரியில் சொல்லிவிட்டார்கள்.

69 விழுக்காடு இட ஒதுக்கீடு என்று பெருமைப்படும் நம் தமிழ்நாட்டிலும் மாநிலப் பணிகளின் பதவி உயர்வில் பட்டியல் சாதியினருக்குப் பொதுவாக ஒதுக்கீடு கிடையாது. தேர்வில் பெற்ற தரவரிசைப்படி அல்லாமல், வேலைக்கு எடுத்தபோது பின்பற்றிய ஒதுக்கீட்டு வரிசையான இனச்சுழற்சிப்படி பணிமூப்பு என்று 2016-இல் சட்டம் போட்டோம். அந்தப் பிரிவை உயர் நீதிமன்றம் 2019-இல் செல்லாது என்றுவிட்டது. இத்தனைக்குப் பிறகும் விவரத்தைத் திரட்டி முன்வைக்காமல் இருப்பது அரசின் குற்றம் என்றே சொல்வேன்.

விவரத்துக்கு எங்கும் அலைய வேண்டியதில்லை. மத்திய அரசின் ஒவ்வொரு அலுவலகத்திலும் என்னைப் போன்ற ஒருவர் எழுதிய ரோஸ்டர் பதிவேடு இருக்கிறது. எந்தப் பதவியில் எத்தனையாவது இடம், யார் வந்தார், எது காலி என்று வரிசையாக எழுதியிருக்கும். மாநில அலுவலகங்களிலும் பணிமூப்புப் பட்டியல்கள் உண்டு. இரண்டு அரசுகளும் அவற்றைத் தொகுத்து, பதவி நிலை வாரியாக வெளியிட வேண்டும். காலியாக விடப்பட்ட ஒவ்வோர் இடத்துக்கும் கோப்பில் என்ன காரணம் எழுதப்பட்டது என்பதையும் சேர்த்தே வெளியிட வேண்டும்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற மத்திய அரசு ஊழியர்,
சென்னை