சிமோந்தோன படிக்க கூட நின்னவங்களுக்கு

எல்லாருக்கும் வணக்கம். மெஷின்களப் பத்தி யோசிச்ச பிரெஞ்சு தத்துவவாதி ஜில்பேர் சிமோந்தோன் பத்தி நான் எழுதிட்டிருந்த கட்டுரைத் தொடர் போன வாரம் முடிஞ்சுது, முழுசா மூணு வருஷம். எத்தனை பேரு கை வெச்ச வேலை இதுன்னு எனக்குத்தான் தெரியும், சொல்லாம விட்டா மனசு ஆறாது.

மொதல்ல மெக்கானிக் அண்ணன். 1958ல வந்த சிமோந்தோன் புத்தகத்துல காத்துலயே சூடு ஆர்ற இன்ஜின் பத்தி ஒரு பகுதி வரும், நாலு தடவ படிச்சும் மண்டைல ஏறவே இல்ல. அண்ணன்கிட்ட போய் சொன்னேன், அவரு ஒண்ணும் பேசாம ஒரு பழைய பைக் சிலிண்டர் ஹெட்ட துணியால தொடச்சு என் கைல குடுத்தாரு. வரிவரியா நீட்டிக்கிட்டிருக்கற ஃபின்ஸ விரலால தடவிப் பாக்கச் சொன்னாரு. "இது சூட்ட வெளிய தள்ளுது, சரி. உள்ள வெடிச்சு அழுத்தும்போது ஹெட் வளையாம தாங்குறதும் இதேதான் தம்பி"ன்னாரு. அவ்வளவுதான், புரிஞ்சுபோச்சு. ஆரம்பத்துல ஒரு மெஷின்ல வேலைக்கு ஒரு பார்ட்டுன்னு தனித்தனியா நிக்கும், அது முதிர முதிர ஒரே பார்ட் பல வேலைய சேத்துப் பாக்கும், சிமோந்தோனுக்கு உண்மையான தொழில்நுட்ப வளர்ச்சின்னா இதுதான். விக்கறதுக்காக மேல மேல ஒட்டுற அலங்காரத்த அவரு வளர்ச்சில சேக்கவே மாட்டாரு. புதுசு புதுசுன்னு எல்லாரும் ஓடுற இந்தக் காலத்துல இத நாம திரும்பத் திரும்பப் பேசணும்னு எனக்குத் தோணுது.

அடுத்து பிரெஞ்சு தெரிஞ்ச அக்கா. ராத்திரி பதினோரு மணிக்கு ஃபோன் பண்ணாலும் எடுப்பாங்க. முழுக்க தானா ஓடுற மெஷின்தான் உசத்தின்னு நாம நெனைக்கறோம், சிமோந்தோன் அப்படி இல்லங்கறாரு, வெளிய இருந்து வர்ற தகவல வாங்கிக்க மெஷின் உள்ள கொஞ்சம் முடிவாகாத இடம் இருக்கணும், மனுஷன் இசைக்குழு நடத்துறவர் மாதிரி அதுங்க நடுவுல நிக்கணும்னு சொல்றாரு. அந்த எடத்த நான் "குறை"ன்னு மொழிபெயர்த்து வெச்சிருந்தேன். அக்கா விடவே இல்ல, "குறை இல்லடா, அது விட்டு வெச்ச எடம்"னாங்க. அந்த ஒரு வார்த்தைக்காக ரெண்டு கட்டுரைய திருப்பி எழுதினேன், எழுதினது நல்லதாப் போச்சு.

பொருளாதாரம் சொல்லிக்குடுத்த சாருக்கும் ரொம்ப நன்றி. பொருளாதார அறிஞர் ஷும்பீட்டர் 1942ல சொன்ன படைப்பழிவையும், அதாவது புதுசு வந்து பழசத் தள்ளி அழிக்கறதையும், சிமோந்தோன் சொல்ற வளர்ச்சியையும் நான் ஒண்ணாப் போட்டுக் குழப்பியிருந்தேன். ஷும்பீட்டர் சந்தைல நின்னு பாக்குறாரு, சிமோந்தோன் மெஷினுக்குள்ள போய்ப் பாக்குறாருன்னு சார் பிரிச்சுக் காட்டினதாலதான் அஞ்சாவது கட்டுரை நிமிந்து நிக்குது. நூலகத்துல கேட்டப்பல்லாம் முகம் சுளிக்காம தேடி எடுத்துக் குடுத்தவங்களயும் மறக்கல.

தொடர பிரிண்ட் எடுத்து எல்லாருக்கும் ஒரு காப்பி தர்றேன். அண்ணனுக்கு பொடி எழுத்து கண்ணுக்குத் தெரியாது, அதனால ஞாயித்துக்கிழமை நானே வந்து படிச்சுக் காட்றேன்ண்ணே, இன்ஜின் பகுதில தப்பு இருந்தா அங்கயே சொல்லிடுங்க.