பாரிஸிலிருந்து அம்மாவுக்கு

அன்புள்ள அம்மாவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. அப்பாவின் கண் ஆபரேஷன் நல்லபடி முடிந்ததென்று படித்த பிறகுதான் மூச்சு வந்தது. நான் சௌக்கியம். குளிர் கடுமைதான், ஆனாலும் ஹீட்டரைப் பெரும்பாலும் போடுவதில்லை. அத்தை கொடுத்த கம்பளியே போதும். நம்மூர்ச் சாமான் விற்கும் லா ஷப்பல் பகுதிக் கடைகளில் முருங்கைக்காய்கூடக் கிடைக்கிறது. விலை கூட என்பதால் ரசம் வைத்தே ஓட்டிவிடுகிறேன்.

ஊமைப் படங்களுக்குப் பியானோ வாசிக்கும் மேல்மாடிப் பெரியவருக்கும் அந்த ரசம் பிடித்துவிட்டது. கண்ணில் நீர் வழியக் குடித்துவிட்டு இன்னொரு டம்ளர் கேட்பார். போன ஞாயிறு அவர் வாசித்த படத்துக்கு என்னையும் கூட்டிப்போனார். 1908இல் எடுத்தது, கால் மணி நேரம்தான். பிரான்ஸ் ராஜா மூன்றாம் ஆன்ரி, கீஸ் பிரபுவை அரண்மனைக்கு வரவழைத்துக் குத்திக் கொல்லச் செய்த கதை. ராஜாவாக நடித்தவர் கையைக் காலை ஆட்டவில்லை, பார்வையிலேயே பயமுறுத்துகிறார்.

படம் முடிந்ததும் பெரியவர் பிளாஸ் தே வோஜ் சதுக்கத்துக்கு நடத்திப்போனார். அந்தப் பக்கம்தான் முன்பு குதிரைச் சந்தையாம். 1578 ஏப்ரல் 27 விடிகாலை, அதே ராஜாவுக்குப் பிரியமான இளம் பிரபுக்கள் மூன்று பேரும் கீஸ் கட்சிக்காரர்கள் மூன்று பேரும் அங்கே வாளெடுத்து மோதினார்கள். சண்டை ராஜா பக்கத்துக் கேலுஸுக்கும் கீஸ் பக்கத்து ஆந்த்ராகுக்கும்தான், அதுவும் அற்ப விஷயத்துக்கு. துணைக்கு வந்த மொகிரோனும் ஷோம்பெர்கும் அந்த இடத்திலேயே செத்தார்கள். ரிபேராக் மறுநாள். கேலுஸுக்கு 19 காயம். 33 நாள் இழுத்துக்கொண்டு கிடந்து செத்துப்போனான். ராஜா தினமும் வந்து அவன் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாராம்.

அதைக் கேட்டதும் அப்பா ஞாபகம் வந்துவிட்டது அம்மா. கண்ணில் கட்டோடு அவர் படுத்திருந்தபோது கஞ்சி ஊட்ட நான் பக்கத்தில் இல்லை. கிளம்பி வந்துவிடலாமா என்றிருந்தது. சரி, அதை விடு.

வேலித் தகராறில் சித்தப்பா மகனோடு தம்பி கைகலந்தான் என்று எழுதியிருந்தாயே, அதுதான் தூங்கவிடவில்லை. சண்டை அப்பாவுக்கும் சித்தப்பாவுக்கும். இவன் ஏன் துணைக்குப் போய் நிற்கிறான்? கொஞ்ச நாள் மாமா வீட்டுக்கு அனுப்பிவை. தாசில்தார் ஆபீஸில் மனு கொடுத்து, சர்வேயரை வரவழைத்து, சித்தப்பாவையும் கூட வைத்துக்கொண்டு நிலத்தை அளந்துவிடுங்கள். அதுவரை வேலியில் யாரும் கை வைக்க வேண்டாம். பழைய பத்திரம் பெரிய பெட்டியில் அடியில் இருக்கிறது. அசல் யார் கேட்டாலும் கொடுக்காதே, ஜெராக்ஸ் போதும். செலவுக்குப் பணம் அடுத்த மாசம் அனுப்புகிறேன். இங்கே சம்பளம் கொஞ்சம் தள்ளிப்போகிறது, வேறொன்றுமில்லை. அப்பாவைச் சொட்டு மருந்தை வேளை தவறாமல் போட்டுக்கொள்ளச் சொல். அளக்க வரும் தேதி தெரிந்ததும் உடனே எழுது.

உன் அன்பு மகன்