நெஞ்சளவு நாடாவையும் படம் பிடிக்க வேண்டும்

ஆசிரியருக்கு வணக்கம்.

ஆண்கள் தங்கள் உடம்பைப் பற்றிக் கொள்ளும் தாழ்வு எண்ணத்தையும் அதனால் வரும் மன உளைச்சலையும் படமாக்கிவரும் சுயாதீன இயக்குநரைப் பற்றிய கட்டுரையைப் படித்தேன். யாரும் பணம் போடத் தயங்கும் பொருளைத் தொட்டிருக்கிறார், மகிழ்ச்சி. ஆனால் கட்டுரை முழுக்க உடற்பயிற்சிக் கூடமும் கதாநாயகர்களின் 'சிக்ஸ் பேக்' வயிறும்தான். எங்கள் பக்கத்துப் பையன்களின் கதை வேறு இடத்தில் தொடங்குகிறது.

கணியம்பாடி வட்டாரத்தில் உடற்கல்வி ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். அருகிலுள்ள கம்மவான்பேட்டை, ராணுவத்துக்கு ஆள் அனுப்புவதில் பெயர் பெற்ற ஊர். இங்கே ஒரு பையனுக்குத் தன் உடம்பின் மீது முதல் சந்தேகம் வருவது நெஞ்சளவு நாடாவைப் பார்த்துத்தான். இரண்டாம் நிலைக் காவலர் தேர்வுக்கு மார்பளவு 81 செ.மீ. இருக்க வேண்டும்; மூச்சை இழுத்தால் மேலும் 5 செ.மீ. விரிய வேண்டும். விதியை நான் குறை சொல்லவில்லை. அந்த அளவு இல்லாமல் திரும்பி வருகிறவனை ஊர் நடத்தும் விதம்தான் கொடுமை. அன்றிலிருந்து அவன் பெயர் 'நோஞ்சான்'. அடுத்து புரோட்டீன் டப்பா. அதற்கும் மசியாத உடம்புக்கு யாரோ ஸ்டீராய்டு ஊசியைக் கைகாட்டுகிறார்கள். அந்த ஸ்டீராய்டு, உடம்பு தானாகச் சுரக்கும் ஆண் ஹார்மோனை அடக்கிவிடும்; விரைகள் சுருங்கும்; நிறுத்தினால் மனச்சோர்வு வரும். எவ்வளவு தசை ஏறினாலும் 'நான் ஒல்லிதான்' என்று நம்பவைக்கும் மனநோய் ஒன்று இருப்பதை மருத்துவர்கள் 1990களிலேயே எழுதிவிட்டார்கள்.

மற்றொரு கூட்டமும் உண்டு. கபடிக்குக் கூப்பிட்டால் வராது, கிணற்றில் குதிக்கும்போதும் சட்டையைக் கழற்றாது. வளரும் வயதில் பையன்களுக்கு மார்பு சற்று வீங்குவது இயல்பு, பெரும்பாலும் ஓரிரு ஆண்டுகளில் தானே வற்றிவிடும். இந்த ஒரு வரியை எட்டாம் வகுப்பிலேயே சொல்லிக்கொடுத்தால் எத்தனையோ பேர் நிம்மதியாகத் தூங்குவார்கள். எந்தப் பாடத்தில் சொல்கிறோம்?

நாட்டில் 2022இல் தற்கொலை செய்துகொண்ட சுமார் 1.71 லட்சம் பேரில் 10க்கு 7 பேர் ஆண்கள் என்கிறது தேசிய குற்ற ஆவணக் காப்பகம். எல்லாம் உடம்பை நினைத்து நொந்ததால் என்று சொல்ல மாட்டேன். ஆனால் வாய்விட்டுச் சொல்லாத பழக்கத்துக்கும் இதில் பங்கு உண்டு. வேலூர் பாகாயத்தில் சி.எம்.சி. மருத்துவமனையின் மனநலப் பிரிவு இருக்கிறது. மனநல ஆலோசனைக்கு 14416 என்ற இலவசத் தொலைபேசி எண்ணும் இருக்கிறது. பாகாயத்துக்குப் போய்வந்தவன் என்று தெரிந்தால் பெண் கொடுக்க யோசிக்கிற ஊரில் யார் போவார்கள்?

இயக்குநருக்கு ஒரு வேண்டுகோள். படத்தைச் சென்னை விழாக்களோடு நிறுத்தாமல் வேலூருக்கும் கொண்டுவாருங்கள். காவலர் தேர்வுக்கு முந்தைய மாதம் திரையிட்டால் நல்லது. கூடவே ஒரு மனநல மருத்துவரும் இருக்கட்டும். பையன்களை மட்டும் உட்காரவைக்காமல் அப்பாக்களையும் தாய்மாமன்களையும் முன்வரிசைக்கு அழையுங்கள். 'நோஞ்சான்', 'குண்டன்' என்று பட்டப்பெயர் வைப்பதே அவர்கள்தான்.

இப்படிக்கு,
ஓய்வு பெற்ற உடற்கல்வி ஆசிரியர்,
கணியம்பாடி, வேலூர் மாவட்டம்.